வேம்பு: பூ சமையலுக்கு, இலை மேனிக்கு, எண்ணெய் எதற்கு?

வேம்பை அறியாத தமிழர் கோலாலம்பூரில் இல்லை. ஆயினும் அம்மரத்தின் எந்தப் பகுதியை உண்ணலாம், எதை உடம்பின் மேல் மட்டும் பயன்படுத்த வேண்டும், எதைக் குழந்தையின் வாயருகே கொண்டு போகவே கூடாது என்று கேட்டால், இளைய தலைமுறையினர் பலரால் தெளிவாகச் சொல்ல இயலுவதில்லை. "வேம்பு நல்லது" என்ற ஒரே வாக்கியத்தில் அவர்கள் நின்றுவிடுகிறார்கள். உண்மையில் வேப்பம்பூவும் வேப்பிலையும் வேப்பெண்ணெயும் ஒரே மரத்தில் விளைந்தாலும், பயனிலும் வீரியத்திலும் ஒன்றுக்கொன்று வெகுதூரம் விலகி நிற்பவை. அந்த வேறுபாட்டைத் தொடக்கநிலை வாசகர்களுக்கு எடுத்துச் சொல்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

வேம்பின் தாவரவியல் பெயர் அசாடிராக்டா இண்டிகா. இது மீலியேசி என்னும் குடும்பத்தைச் சேர்ந்தது. மகோகனி மரமும், நம் பாசாரில் கொத்துக் கொத்தாக விற்கப்படும் லங்சாட், டுக்கு பழங்களைத் தரும் மரங்களும், தலைநகரின் செந்தூல் வட்டாரத்துக்குப் பெயர் தந்த செந்தூல் மரமும் இதே குடும்பத்தின் உறுப்பினர்களே. வேம்பு பொதுவாக 15 முதல் 20 மீட்டர் உயரம் வளரும். ஒரு நீண்ட காம்பின் இருபுறமும் இருபது முதல் முப்பது சிற்றிலைகள் அமைந்திருக்கும். ஒவ்வொரு சிற்றிலையின் விளிம்பும் ரம்பத்தின் பற்களைப் போல வெட்டுப்பட்டும், நடுநரம்பின் ஒரு பக்கம் அகன்று மறுபக்கம் குறுகியும் இருப்பதே இம்மரத்தை அடையாளம் காண்பதற்கான எளிய வழி. பூக்கள் சிறியவை, வெண்ணிறமானவை, ஐந்து இதழ் கொண்டவை. இலைக்காம்பின் கணுக்களிலிருந்து தொங்கும் கொத்துகளில் அவை மலரும்போது தேனை ஒத்த மணம் வீசும். காய் பச்சையாக இருந்து, பழுக்கும்போது மஞ்சளாகும். உள்ளே பெரும்பாலும் ஒரே ஒரு விதை இருக்கும்.

மலேசியாவில் வேம்பை அடையாளம் காண்பதில் சற்றுக் கூடுதல் கவனம் தேவைப்படுகிறது. ஏனெனில் இங்குள்ள காடுகளுக்கே உரிய செந்தாங் என்னும் மரம் வேம்பின் உடன்பிறப்பு. மரப்பலகைக்காகத் தோட்டங்களிலும் நடப்படும் அதன் சிற்றிலைகள் வேப்பிலையைவிடப் பெரியவை, விளிம்பில் பல்வெட்டு இல்லாதவை. மலைவேம்பு வகைகள் வேறு இனத்தைச் சேர்ந்தவை. அவற்றுள் சிலவற்றின் காய்கள் மனிதருக்கு நஞ்சாகும். கறிவேப்பிலை எலுமிச்சைக் குடும்பத்தைச் சேர்ந்தது. மலாய்க்காரர்கள் ஹெம்பெடு பூமி என்று அழைக்கும் நிலவேம்போ மரமே அன்று, முழங்கால் உயரத்துக்கு வளரும் ஒரு செடி. காய்ச்சலுக்கு நிலவேம்புக் குடிநீர் என்று சித்த மருத்துவர் சொல்லும்போது வேப்பிலையைக் கொதிக்க வைத்துக் குடிப்பது தவறான புரிதலாகும்.

வேம்பின் தாயகம் இந்தியத் துணைக்கண்டமும் மியன்மாரும் ஆகும். ஆண்டுக்கு 400 முதல் 1,200 மில்லிமீட்டர் வரை மழை பெய்யும் வறண்ட நிலத்தில் அது செழிக்கிறது. வேரடியில் நீர் தேங்குவதை மட்டும் அதனால் தாங்க முடியாது. கோலாலம்பூரில் ஆண்டுக்கு 2,400 மில்லிமீட்டருக்கும் மேல் மழை பெய்கிறது என்பதால், தமிழ்நாட்டுக் கிராமங்களில் காண்பதைப் போன்ற பூக்கம்பளத்தை இங்கே மரத்தடியில் எதிர்பார்க்க இயலாது. ஆண்டின் தொடக்கத்தில் தெளிவான வறட்சிக் காலம் கொண்ட கெடா, பெர்லிஸ் போன்ற வட மாநிலங்கள் அதற்கு மேலும் பொருத்தமானவை. அப்படியிருந்தும், தோட்டங்களின் லயன் வீட்டு வாசல்களிலும், நகரத்துக் கோயில்களின் ஓரங்களிலும் நம் முன்னோர் இம்மரத்தை விடாமல் வளர்த்து வந்திருக்கிறார்கள். மாரியம்மன் வழிபாட்டுக்கு வேப்பிலை இன்றியமையாதது என்பது அதற்கு முதற்காரணம். 1873இல் தோன்றிய கோலாலம்பூர் மகா மாரியம்மன் கோயிலைப் போன்ற பழைமையான ஆலயங்களும், ஒவ்வொரு தோட்டத்திலும் எழுந்த சிறு அம்மன் கோயில்களும் மலேசியாவில் வேம்பு நிலைபெறத் துணைசெய்தன என்றே நான் கருதுகிறேன். மலாய்க்காரர்களும் இதனைச் செமாம்பு என்ற பெயரில் நன்கு அறிவர். சின்னம்மை கண்டவரை அதன் இலை ஊறிய நீரில் குளிப்பாட்டும் வழக்கம் அவர்களிடமும் உண்டு.

இனி வேம்பின் கசப்புக்கு வருவோம். மரம் முழுவதும் பரவியுள்ள அந்தக் கசப்புக்கு லிமோனாய்டுகள் என்னும் வேதிப்பொருள்களே காரணம். 1942இல் சலீமுஸ்ஸமான் சித்திக்கீ என்னும் வேதியியலாளர் வேப்பெண்ணெயிலிருந்து நிம்பின் முதலான கசப்புப் பொருள்களைப் பிரித்தெடுத்தார். 1959இல் சூடான் நாட்டில் வெட்டுக்கிளிக் கூட்டம் வயல்களையும் மரங்களையும் மொட்டையடித்துச் சென்றபோது வேப்பமரங்கள் மட்டும் பசுமையாக நின்றதைக் கண்ட ஜெர்மானியப் பூச்சியியலாளர் ஹைன்ரிக் ஷ்முட்டரர், அதன் காரணத்தை ஆராயத் தொடங்கினார். 1968இல் இங்கிலாந்தில் வேப்ப விதையிலிருந்து அசாடிராக்டின் என்னும் பொருள் பிரித்தெடுக்கப்பட்டது. பூச்சி இதனைத் தின்னத் தயங்கும். மீறித் தின்றால் அதன் தோலுரித்தலும் வளர்ச்சியும் குலைந்துவிடும். இதன் மூலக்கூறு அமைப்பு எவ்வளவு சிக்கலானது என்றால், கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் ஸ்டீவன் லே தலைமையிலான குழு அதனை ஆய்வகத்தில் முழுமையாகத் தொகுத்து முடிக்க 22 ஆண்டுகள் ஆயின. அவ்வெற்றி 2007இல் கிட்டியது. இங்கே நமக்கு வேண்டிய செய்தி ஒன்று உண்டு. அசாடிராக்டின் மரமெங்கும் சம அளவில் இல்லை. விதையில்தான் அது மிகுதியாகத் திரண்டிருக்கிறது. பூவையும் எண்ணெயையும் ஒரே தராசில் வைக்கக் கூடாது என்பதற்கு இதுவே அடிப்படை.

சமையலறைக்கு உரியது பூ. தமிழ்நாட்டில் பங்குனி, சித்திரை மாதங்களில் மரத்தடியில் துணி விரித்து, உதிரும் பூக்களைச் சேகரித்து, தூசு தும்பு நீக்கி, மொறுமொறுப்பாகும்வரை உலர்த்தி, ஆண்டு முழுவதும் வைத்துக்கொள்வார்கள். இங்கேயும் மரம் பூக்கும் நாளில் அப்படிச் செய்யலாம். மழையில் நனைந்த பூவை மட்டும் எடுக்க வேண்டாம், நம் ஈரக்காற்றில் அது உலர்வதற்குள் பூஞ்சணம் பிடித்துவிடும். மரம் இல்லாதவர்களுக்கு பிரிக்ஃபீல்ட்ஸ், மஸ்ஜித் இந்தியா, செந்தூல் பகுதிகளின் மளிகைக் கடைகளில் உலர்ந்த பூ பொட்டலமாகக் கிடைக்கிறது. வாங்கும்போது பொட்டலத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்க்க வேண்டும். இளம்பழுப்பு நிறமும் உதிரியான தன்மையும் நல்ல பூவின் அடையாளங்கள். காம்புகளும் இலைத்துண்டுகளும் மிகுந்திருந்தாலோ, பூக்கள் ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டியாகியிருந்தாலோ அதனை விட்டுவிடுவதே நல்லது. திறந்த பிறகு ஈரமற்ற கண்ணாடிப் புட்டியில் இட்டு மூடி வைத்தால் மணம் நெடுநாள் நிற்கும்.

வேப்பம்பூ ரசம் கற்றுக்கொள்ள மிக எளியது; ஆனால் ஒரு நுட்பத்தைத் தவறவிட்டால் அது குடிக்க முடியாத கசப்பாகிவிடும். நால்வருக்கு எலுமிச்சங்காய் அளவுள்ள புளியை மூன்று தம்ளர் நீரில் கரைத்து, உப்பும் மஞ்சள் தூளும் பெருங்காயமும் சேர்த்து, பச்சை வாசனை போகும்வரை கொதிக்க விட வேண்டும். வேண்டுமானால் துவரம்பருப்பு வெந்த நீரைச் சிறிது சேர்த்து, நுரைத்துப் பொங்கி வரும் தறுவாயில் அடுப்பை அணைத்துவிட வேண்டும். பிறகு சிறு வாணலியில் இரண்டு தேக்கரண்டி நெய்யைக் காய்ச்சி, கடுகு வெடித்ததும் மிளகாய் வற்றலையும் கறிவேப்பிலையையும் போட்டு, கடைசியாக ஒரு மேசைக்கரண்டி வேப்பம்பூவை இட்டு, இளந்தீயில் அது கரும்பழுப்பாகும்வரை பொறுமையாக வறுத்து ரசத்தின் மேல் கொட்டி மூடிவிட வேண்டும். பூ சேர்ந்த பிறகு ரசம் மறுபடி கொதிக்கவே கூடாது. கொதித்தால் பூவிலுள்ள கசப்பு முழுவதும் நீரில் இறங்கிவிடும். நெய்யில் வறுபட்டுக் கடைசியில் சேர்ந்த பூவோ மணத்தை ரசத்துக்கும், மெல்லிய கசப்பை நாக்கின் ஓரத்துக்கும் தந்து நிற்கும். தக்காளியும் பூண்டும் இந்த ரசத்துக்குத் தேவையில்லை. அவை பூவின் மணத்தை அமுக்கிவிடுகின்றன.

சித்திரைப் புத்தாண்டன்று, பெரும்பாலும் ஏப்ரல் 14 அன்று, செய்யப்படும் மாங்காய்ப் பச்சடியில் புளிப்புக்கு மாங்காயும், இனிப்புக்கு வெல்லமும், காரத்துக்கு மிளகாயும், உவர்ப்புக்கு உப்பும், கசப்புக்கு வேப்பம்பூவும் சேர்கின்றன. மலேசியத் தெலுங்கர்கள் யுகாதியன்று செய்யும் பச்சடியும் இதே வரிசையில் வருவது. அதில் பூவை வறுக்காமல் புதிதாகவே சேர்ப்பதுண்டு. வெல்லத்துக்குப் பதிலாகக் குலா மலாக்கா சேர்க்கலாமா என்று சிலர் கேட்பார்கள். சேர்க்கலாம், ஆயினும் அதன் கருகல் கலந்த மணம் வேப்பம்பூவின் மென்மையான மணத்தை மறைத்துவிடுவதால் வெல்லமே பொருத்தம் என்பது என் கருத்து. இவை தவிர, வறுத்த பூவை மிளகாய் வற்றல், உளுத்தம்பருப்பு, பெருங்காயம், உப்பு ஆகியவற்றுடன் பொடித்து வைத்துக்கொண்டால், சூடான சோற்றில் நெய்விட்டுப் பிசைந்து உண்ணலாம். காய்ச்சலில் கிடந்து எழுந்தவருக்கு நாக்கில் ருசி திரும்பாதபோது வீட்டுப் பெரியவர்கள் முதலில் தருவது இந்தப் பொடியாகவோ ரசமாகவோதான் இருக்கும். வேப்பம்பூ பித்தத்தைத் தணிக்கும், பசியைத் தூண்டும், சுவையின்மையைப் போக்கும் என்று சித்த மருத்துவ மரபு சொல்கிறது. உணவின் அளவில் உண்ணும்போது அதனை ஒரு மருந்தாக எண்ணிக் கணக்குப் பார்க்க வேண்டியதில்லை. மாதம் இரண்டு மூன்று முறை சோற்றோடு சேர்த்துக்கொள்வது போதும்.

வேம்பை உண்பது தமிழருக்கும் தெலுங்கருக்கும் மட்டும் உரிய பழக்கமன்று. வங்காளத்தில் இளங்கொழுந்தை எண்ணெயில் பொரித்து, கத்தரிக்காய் வறுவலோடு கலந்து சோற்றின் முதல் கவளமாக உண்கிறார்கள். நமக்கு வடக்கே தாய்லாந்தில் சதாவ் என்னும் வேம்பு வகையின் மொட்டுகளையும் கொழுந்துகளையும் வெந்நீரில் அலசிக் கசப்பைக் குறைத்து, புளியும் சர்க்கரையும் சேர்ந்த இனிப்பு மீன் சாறுடனும் சுட்ட மீனுடனும் பரிமாறுகிறார்கள். நெய், வெல்லம், கத்தரிக்காய், மீன் என்று துணை மாறினாலும், கசப்பை முற்றிலும் அழிக்காமல் அடக்கி வைப்பதே இந்தச் சமையல்கள் அனைத்துக்கும் பொதுவான அறிவு.

இலையின் முதன்மையான இடம் தோலின் மேல்தான். ஒரு கைப்பிடி இலையைக் கொதிக்க வைத்து ஆறிய நீரில் குளிப்பதும், இலையோடு மஞ்சளை அரைத்து அரிப்புள்ள இடத்தில் பூசுவதும் வீடுகளில் நெடுங்காலமாக வழங்கிவரும் முறைகள். வேப்பிலைச் சாறு பல நுண்ணுயிர்களின் வளர்ச்சியைத் தடுப்பது ஆய்வகச் சோதனைகளில் காணப்பட்டிருக்கிறது. ஆனால் ஆய்வகத் தட்டில் நடப்பது அப்படியே மனித உடம்பிலும் நடக்கும் என்று கொள்ள இயலாது. ஆறாத புண்ணுக்கும் பரவிவரும் படைக்கும் கிளினிக்குக்குச் செல்வதே முறை. குடற்புழுவுக்காகக் கொழுந்தை மஞ்சளுடன் அரைத்துச் சுண்டைக்காய் அளவு உருண்டையாக விழுங்கும் வழக்கமும் உண்டு. பெரியவர்கள் எப்போதாவது அப்படிச் செய்வது வேறு; நீரிழிவு குறையும் என்று நம்பி நாள்தோறும் இலைச்சாறு குடிப்பது வேறு. வேப்பிலை இரத்தச் சர்க்கரையைக் குறைக்கக் கூடியது என்பதால், ஏற்கெனவே நீரிழிவு மாத்திரை உட்கொள்பவருக்குச் சர்க்கரை அளவு எதிர்பாராமல் தாழ்ந்துவிடும் அபாயம் இருக்கிறது. கருவுற்ற பெண்களும், கருத்தரிக்க விரும்புபவர்களும், சிறு குழந்தைகளும் இலைச்சாற்றைத் தவிர்க்க வேண்டும்.

அம்மை கண்டபோது வேப்பிலை பயன்படும் விதத்தைத் தனியே சொல்ல வேண்டும். நம் வீடுகளில் சின்னம்மை கண்டவரை வேப்பிலை பரப்பிய பாயில் படுக்க வைத்து, வாசலில் வேப்பிலைக் கொத்துச் செருகி, கொப்புளம் அரிக்கும்போது விரலால் சொறியாமல் இலைக்கொத்தால் மெல்ல வருடச் சொல்வார்கள். கொப்புளங்கள் காய்ந்து உதிர்ந்த பின்னர் வேப்பிலையும் மஞ்சளும் கலந்த நீரில் தலைக்கு ஊற்றுவார்கள். சின்னம்மையை உண்டாக்கும் வைரஸை வேப்பிலை கொல்வதில்லை. நலமான குழந்தைகளுக்கு அது பெரும்பாலும் ஓரிரு வாரங்களில் தானாகவே தணிந்துவிடும். ஆயினும் சொறிவதைத் தவிர்ப்பதால் கொப்புளத்தில் சீழ் பிடிப்பதும் தழும்பு விழுவதும் குறைகின்றன; வாசலில் செருகிய கொத்தைக் கண்டு வெளியார் உள்ளே வராதிருப்பதால் நோய் பரவுவதும் குறைகிறது. இந்த மரபில் நான் மதிக்கும் அறிவு இதுவே. இதனோடு இன்னொன்றையும் மறக்கக் கூடாது: சின்னம்மை கண்ட குழந்தைக்கு ஆஸ்பிரின் மாத்திரை தரவே கூடாது. மூளையையும் கல்லீரலையும் ஒருசேரத் தாக்கும் ரே நோய்க்கூறு என்னும் அரிய, கொடிய நிலைக்கு அது வழிவகுக்கக் கூடும்.

அதே நோய்க்கூறின் பெயர் வேப்பெண்ணெயோடும் சேர்த்துப் பேசப்படுகிறது. நம் நாட்டுத் தமிழர் வரலாற்றிலேயே இதற்கு வலுவான சான்று உண்டு. வயிற்று மாந்தம், சளி, இருமல் என்று எதற்கெடுத்தாலும் கைக்குழந்தைக்கு வேப்பெண்ணெய் புகட்டும் வழக்கம் மலேசிய இந்தியக் குடும்பங்களில் முன்பு பரவலாக இருந்தது. வேப்பெண்ணெய் உட்கொண்ட 13 கைக்குழந்தைகளைப் பற்றி மலேசியக் குழந்தைநல மருத்துவர்கள் எழுதிய ஆய்வுக் கட்டுரை 1981இல் தி லான்செட் மருத்துவ இதழில் வெளிவந்தது. எண்ணெய் உள்ளே சென்ற சில மணி நேரத்துக்குள் அக்குழந்தைகளுக்கு வாந்தியும் அயர்வும் கண்டு, இரத்தத்தில் அமிலத்தன்மை மிகுந்து, மூளை பாதிக்கப்பட்டதை அவர்கள் பதிவுசெய்து, ரே நோய்க்கூறுக்கு வேப்பெண்ணெயும் ஒரு காரணம் என்று எச்சரித்தார்கள். புகட்டியவர்கள் தீய எண்ணம் கொண்டவர்கள் அல்லர். பேரன் பேத்தியின் நோய் தீர வேண்டும் என்ற அன்பினாலேயே புகட்டினார்கள். அதனால்தான் இச்செய்தி ஒவ்வொரு வீட்டுக்கும் போய்ச் சேர வேண்டும் என்று நான் வற்புறுத்துகிறேன். தேக்கரண்டி அளவேயானாலும் வேப்பெண்ணெயைக் குழந்தைக்கு வாய்வழியாகத் தரக் கூடாது. அறியாமல் உள்ளே சென்றுவிட்டால் வாந்தி எடுக்க வைக்க முயலாமல், புட்டியையும் கையோடு எடுத்துக்கொண்டு உடனே மருத்துவமனையின் அவசரப் பிரிவுக்குச் செல்ல வேண்டும்.

பெரியவர்களுக்கும் வேப்பெண்ணெய் வெளிப்பூச்சுக்கு மட்டுமே உரியது. பூண்டையும் கந்தகத்தையும் நினைவூட்டும் அதன் நெடியைத் தணிக்கத் தேங்காயெண்ணெய் கலந்து, தலையில் பேன் தொல்லைக்கும் பாத வெடிப்புக்கும் தடவுவார்கள். முதலில் முழங்கையின் உட்புறத்தில் ஒரு துளி தடவி, ஒரு நாள் பொறுத்து, சிவப்போ எரிச்சலோ இல்லையென்று உறுதிசெய்துகொள்வது நல்லது. வீட்டுத் தோட்டத்தில் வெண்டை, கத்தரி, செம்பருத்தி முதலியவற்றைத் தாக்கும் அசுவினிக்கும் மாவுப்பூச்சிக்கும் ஒரு லிட்டர் நீரில் ஐந்து மில்லிலிட்டர் வேப்பெண்ணெயும் சில துளி சவர்க்காரக் கரைசலும் கலந்து மாலை வேளையில் தெளிக்கலாம். இந்தப் பயன்பாட்டின் பழைமை ஒரு பெரும் வழக்கிலும் நிலைநாட்டப்பட்டது. வேப்பெண்ணெயைக் கொண்டு பூஞ்சணத்தைக் கட்டுப்படுத்தும் முறைக்கு அமெரிக்க வேளாண் துறையும் ஓர் அமெரிக்க நிறுவனமும் ஐரோப்பியக் காப்புரிமை பெற்றிருந்தன. இந்திய உழவர்கள் வழிவழியாக அறிந்திருந்த ஒன்றைப் புதுக்கண்டுபிடிப்பாகக் கொள்ள இயலாது என்று எதிர்ப்பு எழுந்தது. ஐரோப்பியக் காப்புரிமை அலுவலகம் 2000ஆம் ஆண்டில் அதனை நீக்கியது. மேல்முறையீட்டிலும் 2005இல் அம்முடிவே உறுதியானது.

பட்டையும் குச்சியும் குறித்துச் சுருக்கமாகச் சொன்னால் போதும். இளங்குச்சியை மென்று பல் துலக்குவது பழைய வழக்கம். இன்று அந்த இடத்தைப் பற்பசைகள் பிடித்துக்கொண்டன. பட்டைக் கஷாயத்தை வீட்டில் தாமாகக் காய்ச்சிக் குடிப்பதை நான் பரிந்துரைக்க மாட்டேன். அது பயிற்சி பெற்ற சித்த மருத்துவர் அளவு பார்த்துத் தர வேண்டியது. மலேசியாவில் 2016ஆம் ஆண்டின் மரபுவழி மருத்துவச் சட்டத்தின் கீழ் இந்திய மரபு மருத்துவமும் ஏற்கப்பட்ட துறைகளுள் ஒன்று என்பதால், பதிவுபெற்ற மருத்துவரை நாடுவதில் தடையேதும் இல்லை. கடையில் வேப்பிலை மாத்திரையோ சூரணமோ வாங்கினால், 'எம்ஏஎல்' (MAL) என்று தொடங்கி 'டி' (T) என்ற எழுத்தில் முடியும் பதிவெண்ணும், மின்னும் பாதுகாப்பு ஒட்டுப்பட்டியும் உறையில் இருக்கின்றனவா என்று பார்க்க வேண்டும். அவை இல்லாத பொருள் எவ்வளவு மலிவாகக் கிடைத்தாலும் வாங்கத் தகாதது.

மரம் வளர்க்க விரும்புவோர் விதையைக் காலந்தாழ்த்தாமல் நட வேண்டும். வேப்ப விதை பழத்திலிருந்து எடுத்த இரண்டு மூன்று வாரங்களிலேயே முளைக்கும் ஆற்றலை இழக்கத் தொடங்கிவிடுகிறது. ஊரிலிருந்து கொண்டுவந்து மாதக்கணக்கில் வைத்திருந்த விதை முளைக்காமல் போவதற்கு நம் மண் காரணமன்று. சதையைக் கழுவி நீக்கி, நிழலில் உலர்த்தி, மணல் கலந்த மண்ணில் ஊன்றினால் ஓரிரு வாரங்களில் முளை தெரியும். நாற்றை நிலத்தில் நடும்போது மழைநீர் தேங்காத மேட்டுப் பகுதியைத் தேர்ந்தெடுக்க வேண்டும்; களிமண்ணாக இருந்தால் குழியில் மணலும் சரளையும் கலந்து நிரப்ப வேண்டும். வேரும் கிளையும் அகலமாகப் பரவும் மரம் என்பதால் தொடர்வீட்டின் சுவரோரம் அதற்கு ஏற்றதன்று. அடுக்குமாடியில் வசிப்பவர்கள் பெரிய தொட்டியில் வளர்த்து, அடிக்கடி கிள்ளிவிட்டுக் குட்டையாக வைத்துக்கொண்டால், பூசைக்கும் குளியலுக்கும் வேண்டிய இலை கிடைக்கும். பூ வேண்டுமென்றால் மரம் நிலத்தில் நிற்க வேண்டும். மூன்று முதல் ஐந்து ஆண்டுகளில் அது பூத்துக் காய்க்கத் தொடங்கும்.